நோன்பு பிடிக்காத ஒன்று

நான் நோன்பு பிடித்திருக்கிறேன்.
என் கோபம் பிடிக்கவில்லை.
சஹருக்கு எழுப்பாமலே எழுந்துவிடும் அது;
எனக்கு முன் பல்கூடத் துலக்கிவிடும்.

ஈசூனில், பத்தாம் மாடியில்,
மூங்கில் கழியில் காயவிட்ட வெள்ளைத் தொழுகை உடுப்பில்
மேல்வீட்டு மாப்புத் தண்ணீர்
மூன்றாவது வாரமாகப்
பழுப்புப் படம் வரைகிறது.

ஒரே ஒரு மாடிதான்.
மின்தூக்கிக்கு நிற்கவில்லை, படியேறினேன்.
படிக்கு ஒரு வாக்கியம்:
பாதி ஆங்கிலம், பாதி மலாய்,
இரண்டிலும் கிடைக்காததற்குத் தமிழ்.
மேலே சேர்வதற்குள் நாவு உலர்ந்துவிட்டது.
அது நோன்பின் கணக்கா, இதன் கணக்கா, தெரியாது.

கம்பிக் கதவில் போன வருஷச் சீனப் புத்தாண்டின்
தலைகீழ்ச் சிவப்பு எழுத்து.
உள்ளே யாரோ தொலைக்காட்சியின் சத்தத்தைக் குறைத்தார்கள்.
தட்டினேன்.
இன்னும் குறைத்தார்கள்.

ஈர உடுப்போடு எவ்வளவு நேரம் நிற்பது?
வாசலில் ஒரு ஜோடிச் செருப்பு. சின்னது.
எத்தலாம் என்று காலுக்குத் தோன்றியது.
இந்த இடத்தை எழுதாமல் தாண்டிவிடப் பார்க்கிறது கை.
எத்தினேன். ஒன்றை மட்டும்.
பூந்தொட்டி வரை போய்க் குப்புற விழுந்தது.

'உனக்குக் கோபம் மூக்குக்கு மேலே' என்பாள் மர்ஜானா லாத்தா.
நாற்பத்தாறு வருஷமாக
மூக்கு அதே இடத்தில்தான் இருக்கிறது.
பொறுமைசாலிகளுக்கு
இறைவன் பக்கத்திலேயே இடமாம்.
சரி.
மற்றவர்கள் எங்கே நிற்பது?

அசருக்கு ஒளுச் செய்த தண்ணீர்
சுவருக்குள் குழாய் வழியே
ஒன்பது வீடுகளைத் தாண்டி இறங்கும் சத்தம் கேட்டது.
இதுவரை கேட்டதில்லை.
சுமையாவின் உடுப்பை மாட்டிக்கொண்டேன்,
மகளுடையது, குட்டை;
இழுத்து இழுத்து விட்டுக்கொண்டே நின்றேன்.

சஜ்தாவில் நெற்றி வைத்தபோது
அதுவும் பக்கத்தில் வந்து நெற்றி வைத்தது.
விரட்டவில்லை.
என்னைத் தவிர அதற்கும்
வேறு பள்ளிவாசல் கிடையாது.

வானொலியில் பாங்கு ஒலிக்க
இன்னும் ஒன்றரை மணி நேரம்.
கஞ்சி வாங்கப் போன மகன் வரவில்லை.
பேரீச்சம்பழத்தை எண்ணி வைத்துவிட்டு
மறுபடி படியேறினேன், வெறுங்கையோடு,
வாக்கியம் எதுவும் இல்லாமல்.

செருப்பை யாரோ எடுத்து
ஜோடி சேர்த்து நேராக வைத்திருந்தார்கள்.

அதைப் பார்த்ததும்
எனக்கு இன்னும் கோபம் வந்தது.