பதினோரு செகண்ட்

இயக்குநருக்கு வேண்டியது பதினோரு செகண்ட்.
கறுப்பு வெள்ளையில் மழை.
மெட்ராஸ் என்று தெரிய வேண்டும்,
எந்தக் கட்சிக் கொடியும் தெரியக் கூடாது.

இருபது நாளாக நனையாமல் தேடுகிறேன்.
தரமணியில் ஓர் அலுவலகம் கடிதம் கேட்டது,
கடிதம் கொடுத்தால் முத்திரை கேட்டது.
கொரியரில் வந்த ஒரு மழையில்
பேருந்தின் நெற்றியில் இந்தி.

சாலிகிராமத்தில், ஜெராக்ஸ் கடைக்குப் பின்னால்,
கேஸ் சிலிண்டரை ஒட்டி அடுக்கி வைத்திருக்கிறார்
பிரான்சிஸ் தேவசகாயம்,
மாமனார் விட்டுப்போன நாற்பத்திரண்டு டப்பாக்களை.
மூடியை நெம்பியதும் ஊறுகாய்க் கடை வாசம்.
ஃபிலிம் கெட்டால் புளிக்கும்.
"செகண்டுக்கு நாலாயிரத்து ஐந்நூறு, மேடம்.
ஜிஎஸ்டி தனி."

டப்பாவின் மேல்: வெள்ளம், அடையாறு, 66.
உள்ளே வெள்ளமும் இல்லை, அடையாறும் இல்லை.
பேசின் பிரிட்ஜ் பக்கம் ஏதோ நீரேற்று நிலையம்,
ரிப்பன், கத்திரிக்கோல்,
மாலைக்குள் புதைந்த ஒரு மந்திரி.
பிறகு கொஞ்சம் மழை.
எண்ணினேன். ஒன்பது.

குடைகள் எல்லாம் காருக்குள் போன பின்னும்
கேமராக்காரர் ஏனோ நிறுத்தவில்லை.
ஜல்லிக் கூடையை இறக்கிய ஒருத்தி
சும்மாட்டை உதறிக்கொண்டே திரும்பி
நேராக லென்ஸைப் பார்க்கிறாள்.
வெற்றிலை வாய். என்னவோ சொல்கிறாள்.
ஒலி கிடையாது.
நாலு முறை ஓட்டி உதட்டைப் படித்தேன்:
"போதுமா" என்றிருக்கலாம்.
"போடா" என்றும் இருக்கலாம்.
இரண்டு செகண்ட்.

எடிட்டில் அவள் திரும்புவதற்கு முன்பே வெட்டினார்கள்.
"அந்தம்மா கேமராவப் பாத்துட்டாங்க,
நிஜம் மாதிரி இல்ல."
குறைந்த இரண்டுக்கு
மழையை மெதுவாகப் பெய்யவிட்டார்கள்.

உரிமப் படிவத்தில் ஒரு கட்டம்:
காட்சியில் இருப்பவர்களின் பெயர்.
மந்திரியை எழுதினேன்.
கத்திரிக்கோல் தட்டைப் பிடித்திருந்த பொறியாளரை
பழைய மலர் ஒன்றில் தேடிப்பிடித்து
இனிஷியலோடு எழுதினேன்.
அவளுக்கு நேராக ஒரு கோடு.
அன்றைக்குக் கூலி ஒன்றேகால் ரூபாய் இருந்திருக்குமா,
அப்படியானால் செகண்டுக்கு
என்று கணக்குப் போடத் தொடங்கி
விட்டுவிட்டேன்.

பதினொன்றுக்கும் ரசீது போடச் சொன்னேன்.
பிரான்சிஸ் ஒன்பதுக்குத்தான் போட்டார்.
"கடைசி ரெண்ட சும்மாவே வச்சுக்குங்க மேடம்,
அதுல ஒண்ணும் நடக்கலையே."

அவருக்குப் பின்னால் மெஷினிலிருந்து
யாருடையதோ ஆதார் அட்டை,
பெயரும் எண்ணும் தெளிவாக,
முகம் மட்டும் கறுப்பாக
வந்துகொண்டிருந்தது.