நாலு மணி

லாஸ் ஏஞ்சலஸின் கிழக்கே, முதலாம் தெருவில்
ரெஃபூஹியோவின் கறிக்கடை இருந்த இடம்
இப்போது நடிகையின் உணவகம்.
கறி இல்லை, பால் இல்லை, தேன்கூட இல்லை.
மாட்டுத்தொடை தொங்கிய கொக்கியில்
பெரணிச்செடி.
தரை நடுவே ரத்தம் வடிந்த சல்லடையை மட்டும்
யாரும் மூடவில்லை.
இருக்கட்டும், அதுதான் அழகு என்றார் வடிவமைப்பாளர்.

ரெஃபூஹியோ உள்ளேதான் இருக்கிறார்,
மாதச் சம்பளத்துக்கு.
அதே கத்தி; வேகவைத்த பலாக்காய்.
எலும்பு தட்டுப்படாத கை
சில சமயம் பாதியில் நின்றுவிடுகிறது.

வருகிறவர்கள் தட்டைப் பார்ப்பதில்லை,
கதவைப் பார்க்கிறார்கள்.
பதினோரு மாதமாக அவள் வரவில்லை.

நாய் வருகிறது.
நாலு மணிக்கு, பின்வாசலுக்கு, பழைய கணக்கில்.
காளான் தண்டு போட்டேன்.
வாடகை நோட்டீஸைப் படிப்பதுபோல்
நிதானமாக மோந்தது. தின்னவில்லை.
மறுநாளும் வந்தது.

நேற்று, தொப்பியை இறக்கிவிட்ட ஒரு பெண்
குப்பைத்தொட்டிப் பக்கம் குந்தி
அதனிடம் கையை நீட்டினாள்.
இட்செல்தான் முதலில் அடையாளம் கண்டு
வாயைப் பொத்திக்கொண்டாள்.

நாய் விரல்களை மோந்தது.
அங்கேயும் ஒன்றுமில்லை.
சரி என்று
அவள் செருப்பின்மேல் தலைவைத்துப் படுத்தது.

கத்தியைத் துடைத்தபடி ரெஃபூஹியோ சொன்னார்:
‘நாலரை வரை இருக்கும்.’