ரிகர்சலில் எவர்சில்வர்

மூன்று நாள் ரிகர்சலிலும் எவர்சில்வர் டம்ளர்தான்.
விட்டெறிவேன். உருளும்.
தங்கலீலா குனிந்து எடுப்பாள்.
நேரலைக்கு அரைமணி இருக்கையில்
சத்தம் போதவில்லை என்று
கண்ணாடிக்கு மாற்றினார்கள்.

தங்கலீலாவுக்கு வசனம் கிடையாது.
மதராசில் பேசினால் மலையாள வாடை,
திருவனந்தபுரத்தில் பேசினால் தமிழ்ச் சுவை
(சுவை என்றதும் குறையாகத்தான்).
களியக்காவிளைக்காரிக்கு இரண்டு ஊரிலும்
ஊமை வேலைக்காரி உறுதி.
கிறிஸ்துமஸ் நாடகத்தில்
ஏரோது ராஜாவையே அதட்டின தொண்டை.

எறிந்தேன்.
உடைந்தது. கேட்கவேண்டிய அளவுக்கு, அழகாக.
காமிராவின் சிவப்பு விளக்கு எரிந்தபடி.
தட்டோடு வாசலில் நிற்கிறாள், வெறுங்காலோடு.
வேலைக்காரிக்குச் செருப்பு எதற்கு என்று
காலையில்தான் கழற்றச் சொல்லியிருந்தார்கள்.
அங்கிருந்து என் நாற்காலிக்கு ஏழடி.
ஃப்ளோர் மேனேஜர் விரலால் காற்றைச் சுழற்றினார்,
நட, நட.

மேடையாக இருந்தால்
'ஓரமாப் போ பிள்ளே' என்று
ஒரு வசனம் செருகியிருப்பேன்,
ஜனம் கைதட்டியிருக்கும்.
இங்கே என் காலைச் சுற்றிச் சாக்பீஸ் கோடு.
தாண்டினால் வெளிச்சம் கிடையாது.

நடந்தாள்.
சாயா தளும்பவில்லை.
எடுத்துக்கொள் என்று கண்ணால் சொன்னாள்,
எழுதியிருந்தபடியே.
எடுத்துக்கொண்டேன்.
என் வசனத்தை ஒரு சொல் விடாமல் சொன்னேன்.
நன்றாகவே சொன்னேன்,
அதுதான்.

பிறகு செய்தி வாசித்தார்கள்.
டேப் விலை அதிகம், பதிவு கிடையாது.
அவள் செக்கில் பெயர் தங்க லீலாவதி,
பேங்கில் செல்லாது.
அதற்கு ஒருமுறை வரவேண்டும், பஸ் கூலி தனி.

தம்பானூரில் கடைசி பஸ்.
பாறசாலை தாண்டும்போது பஞ்சை மாற்றினாள்.
'படத்துல காலு தெரிஞ்சுதா?'
'இடுப்புக்கு மேலதான்.'
'அப்பம் சரி.'
நான் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன்.
ரப்பர் மரங்கள், ரப்பர் மரங்கள்.

எல்லையில் செக்போஸ்ட்.
போலீஸ்காரர் பையைத் துழாவினார்:
பவுடர் டப்பா, முண்டு, அந்தச் செக்.
டார்ச்சைத் தரையில் அடித்தார்.
'இது என்னது?'

'சாயம் சாரே' என்றாள்,
'நாடகச் சாயம்.'
குரல் கணீரென்று பின் சீட்டு வரைக்கும் போயிற்று.
அன்றைக்கு அவளுக்கு வாய்த்த ஒரே வசனம்.
தமிழா மலையாளமா என்று
அவர் கேட்கவில்லை.