இரண்டு மணி பஸ்

பூ விரிந்துவிட்டால் தீர்ந்தது கதை.
அதற்குப்பின் ரெக்ராட் இலை
மாடுகூடத் திரும்பிப் பார்க்காத கசப்பு.
மார்ச்சில் பனி உருகி
மூரா ஆறு கலங்கி ஓடும் பத்துப் பதினைந்து நாள்,
அவ்வளவுதான் அதன் ஆயுசு.

வில்மா இருக்கும்வரை நான் கத்தியைத் தொட்டதில்லை.
இருபத்தாறு வருடம்.
இப்போது அவள் பதினான்கு நாள் எல்லைக்கு அப்பால், கிராஸில்,
ஓய்வுபெற்ற பல்வைத்தியர் ஒருவரைக் குளிப்பாட்டிக்கொண்டு.
பதினான்கு நாள் இங்கே,
தூங்கிக்கொண்டு.
துணி ஆலையை மூடியபோது எனக்குக் கிடைத்தது
ஒரு கைக்கடிகாரமும்
நிறைய செவ்வாய்க்கிழமைகளும்.

காலையில் ஆப்பிள் மரத்தடியில் மண்டியிட்டேன்.
அகழெலி மண் தள்ளிய இடத்தில்
வெயில் படாத இலை வெளிறிக் கிடக்கும்,
அதை எடு, ஒரு விரல் ஆழம் வேரோடு.
போனில் சொல்லியிருந்தாள்,
பக்கத்து அறையில் யாரோ உறங்கும் குரலில்.

கழுவினேன். மண்.
மறுபடி கழுவினேன். மண்.
மூன்றாம் தண்ணீரில் ஒரு நத்தை,
மிளகளவு,
கொம்பு நீட்டி என்னை விசாரித்தது.
ஜன்னலைத் திறந்து வெளியே விட்டேன்.
நான்காம் தண்ணீரைக் குடிக்கலாம் போலிருந்தது.

அக்ரூட் போன அக்டோபரில் பொறுக்கியது.
கொட்டை உடைக்கும் இடுக்கி எங்கே என்று கேட்க வெட்கம்,
சுத்தியலால் உடைத்தேன்.
பத்தில் நாலு கறுப்பு.
ஒன்று வெறும் காற்று.
ஒன்று தெறித்து அடுப்புக்குப் பின்னால் போய்
இன்னும் அங்கேதான் இருக்கிறது.
மிஞ்சியதை வாணலியில் போட்டேன்.
வாசனை வந்ததும் இறக்கு என்றிருந்தாள்,
எந்த வாசனை என்று சொல்லவில்லை.
கருகலுக்கு ஒரு மூச்சு முன்னால் வருவது அது.
இப்போது தெரியும்.
முதல் கைப்பிடி கோழிகளுக்குப் போயிற்று.

நிலவறைப் பெட்டியில் கடைசி மூன்று ஆப்பிள்.
தோல் சுருங்கி, காம்பு காய்ந்து,
உள்ளே மட்டும்
நவம்பரில் இருந்ததைவிட இனிப்பு.
ஒன்றே முக்காலுக்கெல்லாம் நறுக்கி,
வினிகர் விட்டு,
பூசணி விதை எண்ணெயும் ஊற்றி,
கை துடைத்து உட்கார்ந்தேன்.

இரண்டு மணி பஸ் இரண்டு மணிக்கு வரவில்லை.
எல்லையில் சோதனையாம்.
இரண்டரைக்கு ஆப்பிள் துருப்பிடித்தது.
மூன்றுக்கு இலைகள்
ஒன்றன்மேல் ஒன்று சாய்ந்து படுத்துவிட்டன.
அடியில் கரும்பச்சையாய் ஒரு குட்டை.
கொட்டிவிடலாம் என்று பாத்திரத்தைத் தூக்கினேன்,
மறுபடி மேசையில் வைத்தேன்,
அதற்குள் கதவு.

கோட்டைக்கூடக் கழற்றவில்லை.
நின்றபடியே விரலால் ஓர் இலையை எடுத்தாள்.
கையில் சோப்பு வாசனை,
யார் வீட்டுச் சோப்போ.
மென்றாள்.
நான் மேசைக்கு இந்தப் பக்கம்
விடைத்தாள் திருத்தப்படும் பையன்.

"உப்பு, கேசா."

நாலு தண்ணீர், ஒரு சுத்தியல், இரண்டு வறுவல்,
உப்பு மட்டும் நினைப்பிலேயே இல்லை.

அவளே போட்டாள். கையாலேயே புரட்டினாள்.
பாத்திரத்தை மடியில் வைத்துக்கொண்டு
வெந்நீர்க் குழாய் ஓரம் உட்கார்ந்தாள்.
எனக்கு ஒரு கரண்டி நீட்டினாள்.
முதலில் கசந்தது.
அப்புறம் ஆப்பிள்.
அப்புறம் கடக்கென்று பல்லிடுக்கில் கொட்டை.
மறுபடி கசப்பு, ஆனால் இப்போது
இன்னொரு வாய் கேட்கும் கசப்பு.

பேச வேறொன்றும் தோன்றாமல்
ஒரு நத்தை இருந்தது என்றேன்.
ஜன்னல் வழியாக விட்டேன் என்றேன்.

மெல்வதை நிறுத்தினாள்.
"அங்கேதானே என் லெட்யூஸ் பாத்தி?"

டார்ச்சோடு இருட்டும்வரை தேடினோம்,
அவள் ஒரு வரிசை, நான் ஒரு வரிசை,
முழங்கால் ஈரத்தோடு.
கிடைக்கவில்லை.
கிடைத்துவிடக் கூடாதென்று
என் வரிசையில்
மெதுவாகத்தான் தேடினேன்.