முன்வரிசைக்காரர்கள்

செவ்வாய்க்கிழமை இரண்டாம் காட்சிக்கு
டயர் கம்பெனியிலிருந்து நேராக வந்துவிடுவார்கள்,
கோட்டில் கந்தக நெடியோடு.
பதினொரு பேர். ஒருவருக்கும் காது கேளாது.
ஏக்ரன் நகரத்தில் அது புதுமையில்லை.
மெஷின் சத்தம் அவர்களை ஒன்றும் செய்யாதென்று
கம்பெனியே ஆள் விட்டு அழைத்ததாகச் சொல்வார்கள்.

படம் முழுக்கப் பேசிக்கொண்டே இருப்பார்கள்.
திரை வெளிச்சம் விரல்களில் பட்டுச் சிதறும்.
அதட்ட முடியுமா?
சத்தமே இல்லையே.

என் வேலை பியானோ.
அவன் ஓடினால் நான் ஓட வேண்டும்,
அவன் வழுக்கினால் என் கட்டைவிரல்
கடைசிக் கட்டை வரை வழுக்க வேண்டும்.
காட்சிக்கு முப்பது சென்ட்.

அன்றைக்கு, ஒட்டுமூக்குக் கோமாளி மண்டியிட்டு
பேக்கரிக்காரன் மகளின் கையைப் பிடிக்கிறான்.
அட்டையில் எழுத்து:
"நீயில்லாமல் எனக்கு விடியாது."
நான் மிக மெதுவாக, இடது பெடலை மிதித்தபடி.
அரங்கமே மூக்கை உறிஞ்சுகிறது.
முன்வரிசை மட்டும் விழுந்து விழுந்து சிரிக்கிறது.

ரீல் மாற்றும் நேரத்தில்
நோட்டீசின் பின்பக்கம் எழுதி
லியோட்டா கிரெப்ஸிடம் நீட்டினேன்: ஏன்?
பென்சிலை நாக்கில் தொட்டுக்கொண்டு எழுதினாள்.
"அவன் வாய் சொன்னது அதுவல்ல.
பூண்டு தின்றாயா, முகத்தை அந்தப் பக்கம் திருப்பு என்றான்.
அவள் சொன்ன பதிலை எழுத மாட்டேன்.
நான் சர்ச்சுக்குப் போகிறவள்."

அடுத்த ரீல், ஏணி.
முதுகடிபட விழுகிறான். எழுந்து ஏறுகிறான்.
மறுபடி.
நான்காவது விழுதலில் பால்கனி அதிர்ந்தது,
பின்னால் ஒருவன் விசிலடித்தான்.
முன்வரிசையில் ஒரு விரல் அசையவில்லை.

பார்த்தேன்.
மல்லாந்து கிடந்தபடி
காமிராவுக்குச் சற்று இடப்பக்கம் நிற்கும் யாரையோ பார்த்து
அவன் உதடு ஒருமுறை திறந்து மூடியது.
சின்னச் சொல். எனக்கே புரிந்தது.
"போதுமா?"

பிறகு எழுந்து
ஏணிக்குப் போனான்.

என் கை நின்றுவிட்டது.
எவ்வளவு நேரம் என்று எண்ணவில்லை. எண்ணியவர்
மேனேஜர் ஸ்வைகர்ட், ஐந்து சென்ட் பிடித்துக்கொண்டார்.
அந்தச் சிரிப்பில் வேறு யாருக்கும்
இசை நின்றது கேட்கவில்லை.

வழக்கம்போல்
பியானோவின் பக்கப் பலகையில்
உள்ளங்கையை வைத்திருந்த லியோட்டா
திடுக்கிட்டுத் திரும்பினாள்.