பெயரில் ஒரு கொக்கி

அபுதாபி மாநாட்டு அரங்கில்
கார்கள் நிற்கும் தளத்துக்கும் கீழே எங்கள் அச்சறை.
ஜனவரி வந்தால் உலகம் பட்டியலாக இறங்கும்.
டோகோவுக்கும் டிரினிடாடுக்கும் நடுவே டோங்கா.
லிசியாத்தே மோவுங்காஃபிசி, மக்கள் பிரதிநிதி.
அடித்தேன், வெட்டினேன், மேலே அனுப்பினேன்.

அரைமணியில் அவரே இறங்கி வந்தார்.
கதவளவு ஆள். கோட்டுக்கு மேலே
இடுப்பைச் சுற்றி ஒரு பாய்.
நாங்கள் விரித்துப் படுப்பதை
அவர் மரியாதைக்குக் கட்டியிருந்தார்.
விமான நிலையத்தில் அவிழ்க்கச் சொன்னார்களாம்.
“தடவித் தடவிப் பார்த்தான், பாவம்,
ஓலைதான் இருந்தது.”

பிறகு பலகையை நீட்டினார்:
“என் பெயரில் ஒரு கொக்கி விழுந்துவிட்டது.”
மோ’உங்கா என்றால் மலை.
கொக்கி இல்லாவிட்டால் வெறும் சத்தம்.
இரண்டு உயிர் சந்தித்தால்
நடுவில் ஓர் உடம்படுமெய் ஓடிவந்து நிற்கும் மொழி என்னுடையது.
அவருடையது அந்த இடத்தில்
மூச்சை ஒருகணம் பூட்டித் திறக்கிறது.
இயந்திரம் அதைத் தூசி என்று துடைத்திருந்தது.
கொக்கி வைத்துக் கொடுத்தேன்.

அதன்பின் பட்டியல் வழியாகத்தான் அவரைத் தெரியும்.
உறுப்பினர். மறுபடி உறுப்பினர்.
மீன்வளத்துறை அமைச்சர்.
அடுத்த வருஷம் மீனைக் காணோம், நிதி வந்திருந்தது.
பிறகு இரண்டு ஜனவரி
ஆளையே காணோம்.

திரும்பி வந்தபோது துணைப் பிரதமர்.
“பதினேழு ஓட்டில் தோற்றேன்.
ஒரு படகுக்குள் அடங்கும்.
அந்தப் படகு அன்றைக்கு அலைக்குப் பயந்து
கரையிலேயே நின்றுவிட்டது.”
சிரித்தார். கட்டர் கத்தி அதிர்ந்தது.
“உன் தொகுதி எது?”

சாத்தான்குளம் என்றேன்.
அப்படியொரு தொகுதியே இப்போது இல்லையென்று
ராத்திரி ரூமில் ஜெபக்குமார் சொன்னான்.
இருபத்திரண்டு வருஷம்.
விரலில் மை இருக்கத்தான் செய்கிறது,
கார்ட்ரிட்ஜ் மாற்றும்போது பட்ட நீலம்.
சோப்புக்குப் போய்விடும்.

ஒரு ஜனவரியில்
அவருடைய கடலுக்கு அடியில் மலை வெடித்தது.
கேபிள் அறுந்து நாடே வாய்மூடிப் போனது.
மேலே மேசையில் பலகை மட்டும்,
அதன் முன்னே திறக்காத தண்ணீர் பாட்டில்.
வராதவர்களின் பலகைகளை மாலையில்
அரவைக்குப் போடச் சொன்னார் சூப்பர்வைசர்.
போட்டேன்.
ஒன்றை மட்டும் சட்டைக்குள் செருகிக்கொண்டேன்.

மறுவருஷம் வந்தார், பாய் இரண்டு சுற்று கூடுதலாகச் சுற்றியிருந்தது.
மூன்று நிமிடம் கொடுத்தார்கள்.
அச்சறையின் சின்னத் திரையில் பார்த்தேன்:
“என் தீவின் உயரம் இந்த மேடையைவிடக் குறைவு”
என்று ஒரே ஒரு வரி,
பிறகு மீதி நேரம் முழுவதும்
பேசாமல் நின்றார்.
மொழிபெயர்ப்பாளர்கள் காதுக்கருவியைத் தட்டித் தட்டிப் பார்த்தார்கள்.

இந்த வருஷப் பட்டியல் நேற்று வந்தது.
டோகோவுக்கும் டிரினிடாடுக்கும் நடுவே
லூசேனி ஹலாஃபிஹி, அமைச்சர்.
யாரிடம் கேட்பது? பட்டியலில்
காரணம் எழுத இடம் கிடையாது.

அந்த அம்மாள் பெயரில் கொக்கி இல்லை.
இரண்டு முறை சரிபார்த்தேன்.
மனசு கேட்காமல்
அவர்கள் அலுவலகத்துக்கே ஒரு மின்னஞ்சல் போட்டிருக்கிறேன்.
அங்கே இப்போது விடிந்திருக்கும்.