பைலட் ட்ராக்

பெர்சிஸின் உதடுகளை
அவளைவிட எனக்கு நன்றாகத் தெரியும்.
‘ப’வில் அரை நொடி தாமதம்.
கோபம் வந்தால் இடது ஓரம் முதலில் திறக்கும்.
மூச்சை வாயால் இழுப்பாள்,
பாட்டுக்காரிகளின் பழக்கம்.
அவள் இழுக்கும்போதெல்லாம்
கண்ணாடிக்கு இந்தப் பக்கம்
நானும் இழுத்தாக வேண்டும்.

சாலிகிராமம், இரண்டாவது மாடி, லிஃப்ட் ரிப்பேர்.
ஒரு எபிசோடுக்கு நானூற்றைம்பது ரூபாய்.
அழுகைக்குத் தனியாகக் கிடையாது.

ஏழு வருஷம் முன்னால்
ஊரே பார்த்ததைப்போல நானும் பார்த்தேன்.
பள்ளிக்கூட ஷூவோடு மேடைக்கு வந்தாள்.
காசிமேட்டில் மீன் ஏலம் விடும் அப்பாவைக்
கேமரா மூன்று முறை தேடிப்போனது.
இரண்டு முறை அவர் சும்மா உட்கார்ந்திருந்தார்.
மூன்றாவது முறை அழுதார்.
நடுவில் யாரோ போய்ச் சொல்லியிருக்க வேண்டும்.

சரணத்தில் மைக் செத்துப்போனது.
அவள் நிறுத்தவில்லை.
வெறுந்தொண்டையில் அந்தக் குரல்
கடைசி வரிசை நாற்காலி வரைக்கும் நடந்துபோய்த்
திரும்பி வந்தது.
என் அடுப்பில் குக்கர்
எத்தனை விசில் அடித்ததென்று தெரியாது.
அன்றைக்குப் பருப்பு அடிப்பிடித்தது.

பதினோரு எஸ்எம்எஸ் போட்டேன்,
ஒன்று மூன்று ரூபாய் என்று.
இரண்டாவதாக வந்தாள்.
வீடு, முதலில் வந்த பையனுக்கு.
அவளுக்கு ஒரு ஸ்கூட்டர்;
ஓட்ட வயசாகவில்லை.

அப்புறம் நகைக்கடைத் திறப்புவிழா,
ஆடிமாதக் கச்சேரி,
ஒரு படத்தில் கோரஸ், பதினாறு பேரில் ஒருத்தி.
அடுத்த சீசனுக்கு அடுத்த பிள்ளைகள் வந்துவிட்டார்கள்.
வடபழனியில் ஒரு மேனேஜர்
டீ ஆறுவதற்குள் சொன்னாராம்:
“முகமும் நல்லாத்தானே இருக்கு.”
அந்த ‘உம்’மில் ஏறித்தான்
வளசரவாக்கம் ஷூட்டிங் வீட்டுக்கு வந்து சேர்ந்தாள்.

இப்போது இரவு எட்டரைக்கு அவள்தான் மருமகள்.
பட்டுப்புடவையோடு தூங்கி
பட்டுப்புடவையோடு எழுகிறாள்.
பஸ்ஸின் முதுகில் அவள் முகம்
மவுண்ட் ரோடு சிக்னலில் என் ஆட்டோவைப் பார்த்துச் சிரிக்கிறது.

பாட்டில் வழுக்கிக்கொண்டு வரும் ‘ழ’
பேச்சில் அவளுக்கு வராது.
ராயபுரத்தில் அதற்கு அவசியமும் இல்லை.
“குப்பத்து வாடை அடிக்குது, வேற வாய்ஸ் போடு”
என்றார்கள்.
நான் வேற வாய்ஸ்.
அவள் குரல் என் ஹெட்போனில் மட்டும்,
வழிகாட்டிவிட்டு அழிந்துபோகும் பைலட் ட்ராக்கில்.

ஏலக்கூடத்தில் அவள் அப்பா சொல்கிறாராம்,
டைரக்டரின் டிரைவர் சொன்னான்:
“மூஞ்சி எம் பொண்ணுது.
கொரலு யாருதுன்னு தெர்ல.”

போன வியாழக்கிழமை, தொட்டில் காட்சி.
பேப்பரில் ‘குழந்தையைத் தூங்கவைக்கிறாள்’ என்று மட்டும்.
ஹெட்போனை மாட்டினேன்.
பாடியிருந்தாள்.
வார்த்தை இல்லை, நான்கு வரி நீளம்.
பின்னால் ஜெனரேட்டர் இரைச்சல்,
யாரோ “லைட் கட்டு” என்று கத்துகிறார்கள்,
அதற்கு நடுவே
மைக் செத்த அந்த ராத்திரி.

“இத வைக்க முடியாது மேடம்,
வேற ஆள் பாடுற மாதிரி இருக்கு”
என்றான் இன்ஜினியர் கபிலன்.
போனில் டைரக்டர்:
“நீங்களே ஹம் பண்ணுங்க,
இல்லன்னா புல்லாங்குழல் போட்டு மூடிரலாம்.”

எனக்குப் பாட வராது.
சிங்க் சரியாகப் பிடிபடவில்லை என்று பொய் சொல்லி
ஐந்து முறை ஓட்டச் சொன்னேன்.
ஐந்தாவது முறை கபிலனும் கடிகாரத்தைப் பார்க்கவில்லை.

புல்லாங்குழல் போட்டார்கள்.
ஆரம்பத்தில் அவள் வாயால் இழுக்கும் அந்த மூச்சை மட்டும்
வெட்டாதே என்றேன்.
தோளைக் குலுக்கினான்,
விட்டுவிட்டான்.

எட்டு நாற்பத்தெட்டுக்குப் போனது.
ஒரு நொடிகூட இருக்காது.
உடனே சோப்பு விளம்பரம்.